புளியமரத்துத் தேவாங்கு

அன்புள்ள சார்,

அய்யலூர் பக்கம் எங்கள் தோட்டத்துப் புளியமரத்துக்கு ராத்திரியில் ஒரு தேவாங்கு வருகிறது. டார்ச் அடித்தால் இரண்டு கண்ணும் தணல் மாதிரி மின்னுகின்றன. வீட்டுக்கு ஆகாது, பிடித்துக் காட்டில் விட்டுவிடு என்கிறார் அப்பா. மழைக்காட்டு விலங்கு வழி தவறி வந்துவிட்டதோ என்று எனக்கும் சந்தேகம். என்ன செய்யலாம்?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

ஒன்றும் செய்ய வேண்டாம். அது வழி தவறவில்லை, வீட்டில்தான் இருக்கிறது. மழைக்காட்டிலும் தேவாங்கு உண்டு. மேற்குத் தொடர்ச்சி மலையின் ஈரக்காடுகளில் இருப்பது சற்றுச் செம்மையான, சிறிய வகை. உங்கள் பக்கத்துச் சாம்பல் தேவாங்குக்கு முள்காடும் தோட்டமும் வேலியோரமுமே ஊர்.

1990களின் கடைசியில் அன்னா நெகாரிஸ் என்ற ஆய்வாளர் உங்கள் அய்யலூரில்தான் இரவிரவாக இவற்றின் பின்னால் நடந்தார். அவர் கண்டவரை இதன் சாப்பாடு கிட்டத்தட்ட முழுக்கப் பூச்சிதான். எறும்பும் கறையானும் நிறைய. தோட்டத்தில் மருந்தடித்தால் அதன் சோற்றில் மண் விழும்.

அப்புறம் அந்தக் கண். 'தேவாங்கு மாதிரி முழிக்காதே' என்று நானும் திட்டு வாங்கியவன்தான். விழித்திரைக்குப் பின்னால் கண்ணாடி போல ஒரு படலம், கொஞ்ச வெளிச்சத்தையும் திருப்பியனுப்புகிறது, தணல் அதுதான். அந்தக் கண் மருந்துக்காகும், மாந்திரீகத்துக்காகும் என்று நம்பித்தான் இதைப் பிடித்துக் கொன்றிருக்கிறார்கள். ஆய்வாளர்களோ சிவப்பு வெளிச்சத்தில் அதே மினுக்கத்தைத் தேடித்தான் தலைக்கணக்கு எடுக்கிறார்கள். நீங்களும் டார்ச் முகப்பில் சிவப்புக் கண்ணாடித்தாள் ஒட்டிப் பாருங்கள், அதற்குக் கண் கூசாது.

அப்பாவிடம் இரண்டு விஷயம் சொல்லுங்கள். வனவிலங்குச் சட்டத்தின் முதல் அட்டவணையில் உள்ள விலங்கு இது, பிடிப்பது குற்றம். இதற்கென்றே 2022 அக்டோபரில் கரூர், திண்டுக்கல் மாவட்டங்களில் 11,806 ஹெக்டேரைக் கடவூர் சரணாலயமாக அறிவித்தார்கள். நாட்டிலேயே தேவாங்குக்கு அதுதான் முதல் சரணாலயம். ஆனால் சரணாலய எல்லையெல்லாம் தேவாங்குக்குத் தெரியாதே!

உங்களால் ஆகக்கூடியது ஒன்று உண்டு. தேவாங்கு குரங்கு போலத் தாவாது. கிளையைப் பிடித்துப் பிடித்துத்தான் நகரும். புளியமரத்துக்கும் வேலிக்கும் நடுவே தொட்டுக்கொண்டிருக்கும் கிளைகளை வெட்டிவிடாதீர்கள். வெட்டினால் தரையில் இறங்கும், நாய்க்கோ வண்டிக்கோ பலியாகும்.

என்றாவது குட்டி மட்டும் தனியாகக் கிளையைப் பிடித்துக்கொண்டிருந்தால், பாவம் என்று எடுத்துவந்துவிடாதீர்கள். தாய் அதை அங்கே விட்டுவிட்டு இரை தேடப் போயிருக்கும்.