கதையைச் சொன்னால் 'சி'தான் கிடைக்கும்

சென்னையில் ஆங்கிலத்தில் தொண்ணூறுக்குக் கீழே இறங்காத பெண், நியூஜெர்சியில் ஒன்பதாம் வகுப்பு சேர்ந்து ரோமியோ ஜூலியட் கட்டுரைக்கு 'சி' வாங்கியிருக்கிறாள், இலக்கணப் பிழை ஒன்றுகூட இல்லையே என்று கேட்டிருக்கிறீர்கள். என் மகனும் இப்படித்தான் ஆரம்பித்தான். நீங்கள் போட்டிருக்கும் முதல் பத்தியைப் படித்தேன், நல்ல ஆங்கிலம், ஆனால் முழுக்கக் கதைச்சுருக்கம். நம்மூர்ப் பரீட்சையில் அதற்கு மார்க் உண்டு, இங்கே கதை டீச்சருக்கே தெரியும், அவருக்கு வேண்டியது உங்கள் பெண்ணின் கட்சி, அதாவது அவள் வாதிடும் கருத்து.

உதாரணமாக, 'இருவரையும் கொன்றது விதியல்ல, அவசரம்' என்று முதல் பத்தியிலேயே அடித்துச் சொல்லட்டும். ஞாயிறு இரவு சந்தித்து, திங்கள் கல்யாணம், வியாழன் விடிவதற்குள் பிணம்! அடுத்து, நிதானமாகப் போ என்று, கல்யாணம் செய்துவைக்கும் பாதிரியார் ரோமியோவிடம் சொல்லும் வரி இரண்டாம் அங்கம், மூன்றாம் காட்சியின் கடைசியில் இருக்கிறது, அதை மேற்கோளாக எடுத்து, அந்தச் சொற்கள் ஏன் தன் கட்சிக்குப் பலம் என்று இரண்டு மூன்று வாக்கியம் எழுத வேண்டும். மேற்கோளை ஒட்டிவிட்டு அடுத்த பத்திக்கு ஓடுவதுதான் எல்லாப் பிள்ளைகளும் செய்வது. அப்புறம், கொள்ளைநோயால் பாதிரியாரின் கடிதம் ரோமியோவுக்குப் போய்ச் சேரவில்லையே, அது விதிதானே என்று டீச்சர் மடக்குவார், அதற்கும் ஒரு பத்தி பதில் வைத்திருந்தால் நல்லது.

டியூஷன் இப்போது வேண்டாம். எதற்கு எவ்வளவு மதிப்பெண் என்று காட்டும் அட்டவணையையும் அந்தக் கட்டுரையையும் எடுத்துக்கொண்டு, திருத்தி எழுதித் தரலாமா என்று டீச்சரிடம் அவளே போய்க் கேட்கட்டும், நீங்கள் மெயில் போடாதீர்கள்.