சோழிகளால் ஒரு கிரகணம்

கேள்வி: ஐயா, வெள்ளைக்காரர்கள் வந்த பிறகுதான் நமக்கு அறிவியல் வந்தது என்கிறார் என் கணவர். எல்லாம் நம்மிடமே இருந்தது என்கிறான் மகன். பேரரசுகளையும் அறிவியலையும் ஆராய்வதிலேயே வாழ்நாளைக் கழித்த நீங்கள் யார் பக்கம்?
- ஒரு வாசகி, கும்பகோணம்

பதில்: அம்மா, சென்னை நுங்கம்பாக்கம் வானிலை மைய வளாகத்தில் ஒரு கருங்கல் தூண் நிற்கிறது. 1792இல் கிழக்கிந்தியக் கம்பெனி கட்டிய வானாய்வுக்கூடத்தின் தூண் அது. ஆங்கிலேயரின் தாராளத்தால் ஆசியாவில் கணித அறிவியல்கள் முதன்முதலாக ஊன்றப்பட்ட காலத்தை ஆயிரம் ஆண்டுகளுக்குப் பின் வருபவர்களும் அறியட்டும் என்று அதில் செதுக்கியிருக்கிறார்கள். தமிழிலும் செதுக்கியிருக்கிறார்கள். மாணவனாக அதன்முன் நின்றபோது எனக்குக் கோபம் கோபமாக வந்தது. வாக்கியப் பஞ்சாங்கம் பார்க்காமல் எதையும் தொடங்காத வீட்டில் வளர்ந்தவன் நான்.

அந்தக் கோபத்தை ஆராய்ச்சியாக மாற்றியவர், அதே கூடத்தில் சில ஆண்டுகள் பொறுப்பில் இருந்த ஜான் வாரன். பிரெஞ்சுக் குடும்பத்தில் பிறந்து ஆங்கிலேயப் படையில் பணியாற்றியவர். புதுச்சேரியில் அவர் ஒரு பஞ்சாங்கக்காரரைச் சந்தித்தார். அந்த மனிதர் தரையில் சோழிகளை வைத்தும் நகர்த்தியும், மனப்பாடமாக வைத்திருந்த சொற்களைக் கொண்டே, 1825 மே 31 இரவின் சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டினார். தொடக்க நேரத்தில் பிழை வெறும் 4 நிமிடம். முடிவில் 52 நிமிடம்; அதையும் மறைக்கக் கூடாது.

என்ன சொற்கள் என்கிறீர்களா? வாக்கிய முறையில் சந்திரனுக்கு, நாளுக்கு ஒன்றாக, 248 வாக்கியங்கள் உண்டு. முதல் வாக்கியம் 'கீர்ந ச்ரேய'. ஒவ்வோர் எழுத்துக்கும் ஓர் எண் உண்டு; புள்ளி வைத்த எழுத்துகளை விட்டு மற்றவற்றுக்கு எண் கொடுத்தால் 3, 0, 2, 1. பின்னாலிருந்து படித்தால் 1203, அதாவது 12 பாகை 3 கலை (பாகையில் அறுபதில் ஒரு பங்கு கலை). முதல் நாள் சந்திரன் நகரும் தொலைவு அது. முதன்முதலில் இதைப் பிரித்துப் பார்த்த இரவு எனக்குத் தூக்கமே வரவில்லை.

உங்கள் மகன் இந்த இடத்தில் கொஞ்சம் பொறுக்க வேண்டும். ஓட்டோ நியூகபாவர் என்ற அறிஞர் வாரனின் குறிப்புகளை எடுத்து ஆராய்ந்து, 1952இல் தமிழர் வானியல் பற்றிக் கட்டுரை எழுதினார். சந்திரன் பூமியை நெருங்கி விலகும் சுற்று ஒன்பதுக்கு 248 நாள் என்ற கணக்கு, பாபிலோனியரிடமும் கிரேக்கரிடமும் இருந்ததை அவர் காட்டினார். நம் ஊர்த் திண்ணைக்கு அது எத்தனை கடல், எத்தனை அரசுகளைத் தாண்டி வந்திருக்க வேண்டும்! வந்ததைச் சொல்லாகக் கோத்து, நூற்றாண்டுகள் காப்பாற்றியவர்கள் இங்கிருந்தவர்கள். ஆகவே நான் இருவர் பக்கமும் இல்லை, அம்மா. தூணின் பக்கம் நிச்சயமாக இல்லை.

கேள்வி: உங்கள் துறைக்கு வர என் மகள் ஆசைப்படுகிறாள். என்ன படிக்க வேண்டும்?
- ஒரு தந்தை, மதுரை

பதில்: கணிதத்தை விட்டுவிட வேண்டாம் என்று சொல்லுங்கள். நியூகபாவர் கணிதம் படித்தவர். பிறகுதான் பழைய எகிப்து மொழியும், பாபிலோனியரின் மொழியான அக்காதியமும் கற்றார். உங்கள் மகள் சமஸ்கிருதமும் பிரெஞ்சும் கற்றால் நல்லது. அந்தப் பஞ்சாங்கக்காரரின் பெயரை வாரன் ஆங்கிலத்தில் 'சாமி நாடென் சாஷியா' என்பதுபோல எழுதியிருக்கிறார். சாமிநாத சேஷய்யாவாக இருக்கலாம் என்பது என் ஊகம். அவரைப் பற்றிப் புதுச்சேரியின் பழைய பிரெஞ்சு ஆவணங்களில் யாராவது தேட வேண்டும். எனக்கு வயதாகிவிட்டது.