ரோஜாவில் நூலாம்படை: மருந்து அடித்தும் போகாதது ஏன்?

கேள்வி: மதுரையில் மூன்றாம் மாடி பால்கனியில் தொட்டி ரோஜா வளர்க்கிறேன். பங்குனி வெயில் ஏறியதிலிருந்து இலையெங்கும் பொடிப்பொடியாக வெளிர்ப் புள்ளிகள். கிளை நுனியில் மெல்லிய நூலாம்படையும் படர்கிறது. கடையில் கொடுத்த இமிடாகுளோபிரிட் மருந்தை இரண்டு முறை அடித்தேன், இன்னும் கூடிவிட்டது. என்ன செய்யலாம்?

பதில்: இலைக்கு அடியில் வெள்ளைத்தாளைப் பிடித்துத் தட்டுங்கள். மிளகாய்த்தூள் போல விழுந்தவை மெல்ல நகர்ந்தால், அது சிலந்திப்பேன். எட்டுக்கால் உயிரி, பூச்சி வகையிலேயே சேராது. அசுவினி போன்ற சாறுறிஞ்சும் பூச்சிகளுக்கான இமிடாகுளோபிரிட் இதைக் கொல்லாது. இதைத் தின்னும் நன்மை செய்யும் பூச்சிகள்தான் சாகும். அந்த மருந்துக்குப் பிறகு சிலந்திப்பேன் கூடுதலாக முட்டையிடுவதையும் ஆய்வுகளில் கண்டிருக்கிறார்கள். அதை உடனே நிறுத்துங்கள்.

முதல் வைத்தியம் தண்ணீர்தான். தொட்டியை மற்ற செடிகளிடமிருந்து தள்ளி வையுங்கள். நூலாம்படை மண்டிய கிளைகளை வெட்டி, பையில் கட்டி அப்புறப்படுத்துங்கள். உரக்குழியில் போட வேண்டாம். பிறகு காலை வேளையில், இலையின் அடிப்பக்கத்தில் தண்ணீரைப் பீய்ச்சி அடியுங்கள். பேன் குடியிருப்பதும் முட்டையிடுவதும் பெரும்பாலும் அங்கேதான். மேலாகத் தெளித்தால் பயனே இல்லை.

அடுத்து வேப்பெண்ணெய். ஒரு லிட்டர் வெதுவெதுப்பான தண்ணீரில் சில சொட்டு காதி சோப்புக் கரைசலைக் கலந்து, அதன்பின் 5 மில்லி எண்ணெய் விட்டு நன்றாகக் குலுக்குங்கள். ஒரு கிளையில் அடித்துப் பார்த்து, மறுநாள் இலை கருகவில்லை என்றால் செடி முழுக்க, வெயில் தாழ்ந்த பிறகு அடியுங்கள். கலந்ததை அன்றே தீர்த்துவிடுங்கள். பலர் ஒரே தடவையோடு விட்டுவிடுகிறார்கள், தோற்பது அங்கேதான். தப்பிய முட்டைகள் சில நாளில் பொரிந்துவிடும். 30 டிகிரி வெப்பத்தில் ஒரு தலைமுறைக்கு ஒரு வாரம் சொச்சமே போதும். அதனால் ஐந்து நாளைக்கு ஒருமுறை, மூன்று நான்கு தடவையாவது அடிக்க வேண்டும்.

தண்ணீரில் கலந்து அடிக்கும் கந்தகத் தூளான நனையும் கந்தகமும் (wettable sulphur) இதற்குக் கேட்கும். ஆனால் மதுரைக் கோடையில் அது இலையைக் கருக்கும். வேப்பெண்ணெய் அடித்த இரண்டு வாரத்துக்குள் அதைத் தொடவே கூடாது. இப்போதைக்கு நான் அதைச் சொல்லமாட்டேன்.

யூரியா போடுகிறீர்களா? நிறுத்துங்கள், தழைச்சத்து மிகுந்த இலையில் பேன் வேகமாகப் பெருகும். தொட்டி மண்ணும் காயக் கூடாது.

புள்ளி விழுந்த இலை மறுபடி பச்சையாகாது. புதுத் துளிர் சுத்தமாக வருகிறதா என்று பாருங்கள். ஆடி முடியும்வரை வாரம் ஒருமுறை அந்த வெள்ளைத்தாள் சோதனையைச் செய்யுங்கள்.