இரவு தூக்கம் கெடுவது பற்றி

கூட்டத்தில் எல்லோர் முன்னிலையிலும் மேலாளர் கடிந்துகொண்டது இரவு 2 மணி வரை மனத்தில் ஓடுகிறது, உணர்ச்சியை அடக்குவதுதான் ஸ்டோயிக் (பண்டைய கிரேக்க, ரோமானியத் தத்துவ மரபு) வழியா என்று கேட்டிருந்தீர்கள். இல்லை நண்பரே, அடக்காதீர்கள், விசாரியுங்கள். அந்த மரபைச் சேர்ந்த ரோமாபுரித் தத்துவஞானி செனெக்கா, விளக்கை அகற்றி, மனைவியும் பேச்சை நிறுத்திய பிறகு அன்றைய நாள் முழுவதையும் தனக்குள் விசாரிப்பாராம். கோபம் பற்றிய நூலில் அவரே எழுதியிருக்கிறார். தவறு தெரிந்தால், ‘இனிச் செய்யாதே, இம்முறை மன்னிக்கிறேன்’ என்று தனக்கே சொல்லிக்கொள்வார். அந்த மன்னிப்பைத்தான் நாம் விட்டுவிடுகிறோம்.

நான் படுப்பதற்கு முன் நோட்டில் இரண்டே வரி எழுதுகிறேன்: என்னைக் கடிந்துகொண்டவர் சொன்னதில் உண்மை எவ்வளவு, நாளை நான் திருத்த வேண்டியது எது. குரலின் கடுமை அவர் பொறுப்பு. முதல் வாரம் எனக்கும் பலிக்கவில்லை. படுத்தபடி மனத்துக்குள் செய்யாதீர்கள். எழுந்து உட்கார்ந்து பேனாவால் எழுதுங்கள்.