யோசேப்பை அவனுடைய அண்ணன்கள் ஏன் விற்றார்கள்?

உடன்பிறந்தவர் மீதான பொறாமை என்பது, வீட்டில் நமக்குரிய இடத்தை இன்னொரு பிள்ளை எடுத்துக்கொண்டானோ என்ற பயம். பைபிளின் ஆதியாகமத்தில் வரும் யோசேப்பின் கதை இதற்கு நல்ல உதாரணம்.

யாக்கோபு தன் பிள்ளைகளில், மனைவி ராகேல் பெற்ற யோசேப்பை மட்டும் அதிகமாக நேசித்தார். அவனுக்கு மட்டும் தனி அங்கி. தீபாவளிக்கு ஒரு பிள்ளைக்குப் பட்டும் மற்றவர்களுக்குப் பழைய துணியும் எடுத்துக் கொடுத்தால் வீடு எப்படி இருக்கும்? அப்படித்தான். அண்ணன்கள் தன்னை வணங்குவதாகக் கனவு கண்டேன் என்று அவனும் சொல்ல, வெறுப்பு முற்றியது. என் பார்வையில் முதல் தவறு தகப்பனுடையதுதான்.

அப்போது யோசேப்புக்கு வயது 17. தோத்தான் என்ற இடத்தில் அவனைக் குழியில் தள்ளி, 20 வெள்ளிக்காசுக்கு வணிகரிடம் விற்றார்கள். அங்கியை ஆட்டு இரத்தத்தில் தோய்த்து அப்பாவிடம் காட்டினார்கள். மகன் செத்தான் என்று நம்பி அவர் நெடுநாள் அழுதார். ஆனால் தம்பியை அகற்றியும் அப்பாவின் அன்பு அண்ணன்களுக்குக் கிடைக்கவில்லை, அது அடுத்த தம்பி பென்யமீனிடம் போனது! குற்ற உணர்வும் விடவில்லை. பஞ்சகாலத்தில் தானியம் வாங்க எகிப்துக்குப் போய்ச் சிக்கலில் மாட்டியபோது, 'தம்பி கெஞ்சியும் கேட்காமல் போனோமே' என்றுதான் பேசிக்கொண்டார்கள். எகிப்தில் அதிகாரியாகிவிட்ட யோசேப்பு பின்னால் மன்னித்தான். அப்புறமும், தகப்பன் இறந்ததும் பழிவாங்குவானோ என்று நடுங்கினார்கள்.

பதினொரு சகோதரர்களும் சேர்ந்து விற்றார்கள் என்று பலர் நினைக்கிறார்கள், ஆனால் பென்யமீனுக்கு இதில் பங்கே இல்லை, மூத்தவன் ரூபனோ யோசேப்பைக் காப்பாற்றி அப்பாவிடம் சேர்க்கத்தான் கொல்லாமல் குழியில் போடச் சொன்னான்.