கண் நிறம் மாற்றும் சொட்டு மருந்து வாங்கலாமா?

கேள்வி: தை மாதம் தங்கைக்குக் கல்யாணம். பழுப்புக் கண்ணைச் சாம்பல் நிறமாக்கும் சொட்டு மருந்தை ஆன்லைனில் பார்த்து, அதை வாங்கித் தரச் சொல்கிறாள். வேலூரில் ஒரு ஃபேன்சி ஸ்டோரில் கலர் லென்ஸும் விற்கிறார்கள். பவர் இல்லாததால் டாக்டர் சீட்டு வேண்டாமாம். எதை வாங்குவது?
- ஒரு வாசகர், குடியாத்தம்

பதில்: சொட்டு மருந்து வேண்டவே வேண்டாம். கண்ணுக்கு நிறம் தருவது ஐரிஸ். அது மேலே இல்லை. முன்னால் கார்னியா என்ற தெளிவான படலம், அடுத்து கண்ணின் உள்நீர், அதற்கும் பின்னால்தான் ஐரிஸ். அதன் பின்பக்கத்தில் கருமையான நிறமி அடுக்கு நீலக் கண்காரர்களுக்கும் உண்டு. வித்தியாசம் முன்பக்கத் திசுவில்தான். அங்கே மெலனின் என்ற நிறமி நிறைய இருந்தால் பழுப்பு. குறைந்தால் ஒளி சிதறி நீலமாகத் தெரியும். தங்கையின் கண் சாம்பலாக வேண்டுமென்றால் அந்த மெலனின் அழிய வேண்டும். உதிரும் நிறமி உள்நீர் வடியும் வழியை அடைத்தால் கண் அழுத்தம் ஏறும். நிறத்தை மாற்றும் சொட்டு மருந்து நிஜமாகவே ஒன்று உண்டு: கண் அழுத்த நோய்க்குத் தரும் லட்டானோபிராஸ்ட். ஆனால் அது கண்ணை இன்னும் பழுப்பாக்கும்!

லென்ஸ் அப்படி இல்லை. கார்னியா மேல் உட்கார்ந்து ஐரிஸை மறைக்கும், அவ்வளவுதான். ஆனால் ஐரிஸில் உள்ள தசைகள் கண்மணியை வெயிலில் 2 மி.மீ. அளவுக்குச் சுருக்கி, இருட்டில் 8 மி.மீ. வரைகூட விரிக்கும். லென்ஸின் நடுவே உள்ள தெளிவான வட்டம் விரியாது. அதனால் ராத்திரியில் வண்ண வளையம் பார்வையை மறைக்கும். ரிசப்ஷன் முடிந்து லென்ஸோடு வண்டி ஓட்ட வேண்டாம். போட்டபடி தூங்கவும் கூடாது, குழாய்த் தண்ணீரில் கழுவவும் கூடாது.

பவர் இல்லாவிட்டாலும் கார்னியாவின் வளைவுக்கு லென்ஸ் பொருந்த வேண்டும். அதைக் கடைக்காரர் பார்த்த மாத்திரத்தில் சொல்ல முடியாது. வேலூர் ஆரணி ரோடு ஷெல் கண் மருத்துவமனையிலோ, பக்கத்தில் உள்ள கண் டாக்டரிடமோ முதலில் காட்டுங்கள். அப்புறம் பெட்டியில் பேஸ் கர்வ் (லென்ஸின் வளைவு அளவு), விட்டம், பேட்ச் எண், காலாவதி தேதி, தயாரித்தவர் அல்லது இறக்குமதி செய்தவர் முகவரி எல்லாம் இருக்கிறதா பாருங்கள். ஒன்று இல்லையென்றாலும் வாங்காதீர்கள்.

பில் கட்டாயம் கேளுங்கள். தர மறுத்தால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-க்குப் போன் செய்து புகார் சொல்லலாம். மாவட்ட நுகர்வோர் ஆணையத்துக்கே போவதானாலும், கொடுத்த பணம் 5 லட்சம் ரூபாய் வரை இருந்தால் மனுவுக்குக் கட்டணம் கிடையாது.