ரிக்கற்றைக் குத்திவிட்டு ஏறுங்கள், தம்பி

தம்பி, ஒக்டோபரில் படிக்க பெர்லின் வருவதாக எழுதியிருக்கிறீர்கள். வாடகை எவ்வளவு, குளிர் தாங்குமா, ஸ்டேசனில் கேற் எதுவும் இல்லையாமே, ரிக்கற் எடுக்காமல் போனால் பிடிப்பார்களா என்று கேள்விகள். வாடகையும் குளிரும் வந்தால் தானாகத் தெரியும். கடைசிக் கேள்விக்காகத்தான் இதை எழுதுகிறேன்.

கேற் இல்லைதான். பிடிபட்டால் 60 யூரோ. திரும்பத் திரும்பப் பிடிபட்டால் வழக்கும் வரலாம், குற்றவியல் சட்டத்திலேயே அதற்கு இடம் இருக்கிறது. கடதாசி ரிக்கற் என்றால் வாங்கினால் மட்டும் போதாது, மேடையில் நிற்கும் சின்னப் பெட்டியில் செருகி முத்திரை குத்தவும் வேண்டும்.

நான் வந்தது 1984இல். கிழக்கு பெர்லினை ஒட்டிய ஷோனஃபெல்ட் விமான நிலையத்தில் இறங்கி, ஃப்ரீட்ரிஷ்ஸ்ட்ராஸ ஸ்டேசன் வழியாக மேற்கு பெர்லினுக்கு வந்து சேர்ந்த நம் சனத்தில் ஒருவன். மூன்றாம் நாள் காசு கொடுத்து ரிக்கற் வாங்கினேன், குத்தவில்லை. ரிக்கற் பார்க்க வந்த கொன்ட்ரோல்காரர் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். எனக்குத் தெரிந்த டொச், அதாவது ஜெர்மன் மொழி, 'டாங்கே' (நன்றி) மட்டும்தான். அதைச் சொன்னேன். ரயில் பெட்டியில் இருந்த அத்தனை பேரும் யன்னல் பக்கம் திரும்பிவிட்டார்கள். நிலத்தடி ரயில் அது, வெளியே ஒரே இருட்டு.

1993இல் பெப்பே டான்குவார்ட் எடுத்த 'ஷ்வார்ட்ஸ்ஃபாரர்' என்ற கறுப்பு வெள்ளைக் குறும்படம் இருக்கிறது, ஆஸ்காரும் வாங்கியது. ரிக்கற் இல்லாமல் போகிறவனை டொச்சில் அப்படித்தான் சொல்வார்கள். சொல்லைப் பிரித்தால் 'கறுப்புப் பயணி'. ட்ராமில் பக்கத்தில் இருக்கும் கறுப்பு இளைஞனுக்குக் கேட்க ஒரு கிழவி வெளிநாட்டவரைத் திட்டிக்கொண்டே வருகிறாள். கொன்ட்ரோல் ஏறியதும் அவன் அவளுடைய ரிக்கற்றைப் பறித்து விழுங்கிவிட்டுத் தன்னுடையதைக் காட்டுகிறான். 'இவன் தின்றுவிட்டான்' என்றால் யார் நம்புவது? பார்த்துக்கொண்டிருந்த ஒருவரும் வாய் திறக்கவில்லை, அவள் திட்டும்போது இருந்த மாதிரியே. சனம் அந்த இடத்தில் விழுந்து விழுந்து சிரிக்கும். எனக்கு யன்னல்தான் ஞாபகம் வரும்.

இப்போது வருகிற நம் ஆட்கள் சிலர் ரிக்கற் இல்லாமல் ஊர் சுற்றியதைப் பெரிய கெட்டித்தனமாகக் கதைக்கிறார்கள். அவர்கள் இறங்கிப் போய்விடுவார்கள். அடுத்து ஏறும் நம் பெடியனைத்தான் பெட்டி முழுக்க ஒரு மாதிரிப் பார்க்கும்.

நானும் பாதி டொச்சுக்காரனாகிவிட்டேன். நடுச்சாமத்தில் வாகனமே இல்லாத தெருவில் சிவப்பு விளக்குக்கு நிற்பேன், மனைவி தலையில் அடித்துக்கொள்வாள். சத்தம் போடக்கூடாத ஞாயிற்றுக்கிழமையில் வெற்றுப் போத்தல் கொட்டப் போன மருமகனை வாசலிலேயே மறித்தவன் நான்.

சரி, குளிர் தாங்குமா என்று கேட்டீர்களே, குளிர்ச்சட்டையை ஊரில் வாங்காதீர்கள். பயணப் பெட்டிதான் பாரம்.